கழுதைக்குப் பூச்சூட்டிய பெண்: ஆன் வியாஸெம்ஸ்கியின் திரையும் எழுத்தும்

நான் முதன்முதலில் ஆன் வியாஸெம்ஸ்கியைப் பார்த்தபோது அவர் ஒரு கழுதைக்குப் பூச்சூட்டிக்கொண்டிருந்தார். இரவு நேரம், கறுப்பு வெள்ளைப் படம். மரி என்ற பெண் பூக்களை எடுத்துக் கழுதையின் தலையில் சூட்டுகிறாள். அதன் மூக்கில் முத்தம் கொடுக்கிறாள். பிறகு பெஞ்சில் உட்கார்ந்து அதையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். ஒருவன் மறைந்து நின்று அவளைக் கவனிக்கிறான். இருட்டிலிருந்து அவன் கை நீண்டு வந்து பெஞ்சின் மேலிருக்கும் அவள் கையைத் தொடுகிறது. அவள் முகத்தைப் பார்த்து எதையும் சொல்ல முடியவில்லை. எழுந்து வீட்டுக்குள் போய்விடுகிறாள். அவள் போனதும் அவனும் அவன் கூட்டாளிகளும் அந்தக் கழுதையைப் போட்டு அடிக்கிறார்கள்.

படத்தின் பெயர் 'ஓ அஸார் பல்தஸார்'. 1966-இல் வெளிவந்தது, இயக்கியவர் பிரான்சின் ரொபேர் பிரெஸ்ஸோன். உலக சினிமா பேசும் நம் சிற்றிதழ்களுக்குப் பிரெஸ்ஸோன் பெயர் புதிதல்ல. அந்தக் கழுதையைப் பற்றிக்கூட நிறையப் பேசியாயிற்று. பூச்சூட்டிய பெண்ணைப் பற்றித்தான் பேச்சு குறைவு. பேச்சு வந்தாலும் 'பிரெஞ்சு இயக்குநர் கோதாரின் இரண்டாவது மனைவி' என்ற ஒரு வரியோடு முடிந்துவிடும். அந்தப் பெண் பின்னாளில் பத்துக்கும் மேற்பட்ட நாவல்கள் எழுதினார், பிரெஞ்சு அகாதெமியின் நாவல் பரிசை வாங்கினார், தன்னைப் படமெடுத்த பெரிய மனிதர்களின் அறைகளுக்குள் எழுத்தாளராகத் திரும்பிப்போய் அங்கே நடந்ததைத் தன் பக்கத்திலிருந்து எழுதினார். பிரான்சுக்கு வெளியே சினிமா ரசிகர்களிலேயே பலர் இதைக் கவனித்ததில்லை.

அவர் வாழ்க்கையில் எனக்கு முக்கியமாகப் படுவது ஒன்றுதான். அவர் நடித்துப் பேர்பெற்ற படங்கள் எதிலும் அவர் பேசிய சொல் அவருடையதாக இருக்கவில்லை. எந்த நடிகரும் வேறொருவர் எழுதிய வசனத்தைத்தான் பேசுகிறார் என்று யாராவது சொல்லலாம். இங்கே நடந்தது அதைவிடக் கூடுதல்.

பிறந்தது பெர்லினில், 1947 மே 14. அந்த ஊரில் பிறந்ததே ஒரு போரின் விளைவு. தாய் க்ளேர் மோரியாக், செஞ்சிலுவைச் சங்கத்தின் ஆம்புலன்ஸ் ஓட்டுநராகப் போர் முடிந்த கையோடு இடிந்து கிடந்த பெர்லினுக்குப் போனவர். அங்கே சந்தித்த இவான் வியாஸெம்ஸ்கி, ரஷ்யப் புரட்சிக்குப் பிறகு நாட்டைவிட்டு வெளியேறிய ஒரு பிரபுக் குடும்பத்தின் வாரிசு. பட்டம் இருந்தது, சொத்து இல்லை. க்ளேரின் அப்பா ஃபிரான்சுவா மோரியாக், கத்தோலிக்கக் குடும்பங்களின் உள்ளே புழுங்கும் பாவத்தை எழுதிய நாவலாசிரியர், 1952-இல் நோபல் பரிசு பெற்றவர். ஆக, ஆன் பிறக்கும்போதே அவர் பெயருக்கு முன்னால் நிற்க ஒரு பெரிய பெயர் தயாராக இருந்தது. தந்தையின் வேலை ஊர் ஊராக மாறியது. ஜெனீவா, மோந்தேவிதேயோ, கராகாஸ் என்று சிறு வயது கழிந்தது. 1962-இல் தந்தை இறந்துபோக, குடும்பம் பாரிஸுக்குத் திரும்பித் தாத்தாவின் நிழலில் ஒதுங்கியது.

பிரெஸ்ஸோனிடம் அவரை அழைத்துப்போனவர் ஃப்ளோரான்ஸ் தெலே. பிரெஸ்ஸோனின் முந்தைய படம் ஒன்றில் ஜோன் ஆஃப் ஆர்க்காக நின்றவர். இவரும் பிற்பாடு எழுத்தாளராகி, 2000-இல் பிரெஞ்சு அகாதெமிக்கே தேர்ந்தெடுக்கப்பட்டார். பிரெஸ்ஸோன் முகத்துக்காகவும் குரலுக்காகவும் தேர்ந்தெடுத்த இரண்டு இளம்பெண்கள் பின்னாளில் எழுத்தாளர்களானது தற்செயலா என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. அவர் எப்படி வேலை வாங்கினார் என்று பார்த்தால், அந்த மௌனத்துக்குள் ஒரு படம் முடியும்வரை இருந்த யாருக்கும் பேச நிறைய சேர்ந்திருக்கும் என்று தோன்றுகிறது.

பிரெஸ்ஸோன் தொழில்முறை நடிகர்களை ஒதுக்கிவிட்டவர். தன் படத்தில் நிற்பவர்களை 'நடிகர்' என்று சொல்லமாட்டார், 'மாடல்' என்பார். ஓவியனுக்கு முன்னால் உட்காரும் மாடல் மாதிரி. வசனத்தை உணர்ச்சி கலக்காமல், ஒரே தட்டையான தொனியில் சொல்லவைப்பார். ஒரே ஷாட்டைத் திரும்பத் திரும்ப எடுப்பார், சொல்பவருக்குச் சொல்லின் அர்த்தமே மறந்து வெறும் பழக்கமாகும் வரை. நடிப்பு வடிந்து, ஆள் தன்னைக் காட்ட நினைப்பதை நிறுத்தும் கணத்தில் உள்ளே இருக்கும் ஏதோ ஒன்று தானாக வெளியே வரும் என்பது அவர் நம்பிக்கை. ஒருமுறை பயன்படுத்திய மாடலை அடுத்த படத்துக்கு அநேகமாக எடுக்கமாட்டார், அந்தப் பச்சைத்தன்மை ஒரு படத்தோடு தீர்ந்துவிடும் என்பதால். மரியாக நிற்கும் ஆனிடம் இந்த முறை எவ்வளவு பலித்தது என்பதற்குப் படமே சாட்சி. மழையில் நனைந்து ஒரு கஞ்சனின் வீட்டுக்கு வரும் காட்சியில் பசியோடு கரண்டியால் அள்ளித் தின்கிறாளே, அந்த வேகத்தில் ஒரு நடிகையின் திறமை தெரியவில்லை, பசிதான் தெரிகிறது. கோதார் இந்தப் படத்தை ஒன்றரை மணி நேரத்துக்குள் அடங்கிய உலகம் என்றார்.

படப்பிடிப்பு 1965 கோடையில், பாரிஸுக்கு வெளியே கியான்கூர் என்ற ஊரில் நடந்தது. ஆனுக்கு அப்போது 18 வயது. அந்நாளைய பிரெஞ்சுச் சட்டப்படி 21 ஆனால்தான் ஒருவர் வயதுவந்தவர். 1974-இல்தான் அது 18 ஆகக் குறைந்தது. எனவே சினிமாவில் நிற்கப் பெரியவர்களின் அனுமதி தேவைப்பட்டது. அப்பா இல்லாத வீட்டில் கடைசி வார்த்தை தாத்தாவினுடையது. ஊரே மதிக்கும் கத்தோலிக்க எழுத்தாளர், 80-ஐ நெருங்கும் மனிதர், பேத்தி சினிமாவுக்குப் போகலாம் என்று சொன்னார்.

இந்தக் கோடை பற்றி ஆன் எழுதியது 42 வருடங்கள் கழித்து, 2007-இல். 'ழேன் ஃபீய்' என்று தலைப்பு, இளம்பெண் என்று பொருள். அதில் வரும் இயக்குநரின் பெயர் பிரெஸ்ஸோன், பெண்ணின் பெயர் ஆன். படக்குழு ஓரிடத்தில் தங்க, பிரெஸ்ஸோன் மட்டும் அந்தப் பெண்ணைத் தன்னோடு ஒரே வீட்டில், பக்கத்து அறையில் தங்கவைக்கிறார். மற்றவர்களோடு அதிகம் பழகவிடுவதில்லை. சாயங்காலமானால் இருவரும் தோட்டத்தில் கைகோத்து நடக்கிறார்கள். அறுபதைக் கடந்த அந்த மனிதர் முத்தமிட முயல்கிறார், அவள் விலகுகிறாள், அவர் வருந்துகிறார், மறுநாள் மீண்டும் அதே. அவளுக்கு அவர் மேல் மதிப்பும் பாசமும் இருக்கின்றன. அவர் அருகில் இருப்பதில் ஒரு பெருமிதம்கூட இருக்கிறது. கூடவே மூச்சுமுட்டலும் இருக்கிறது. கடைசியில் அவள் படக்குழுவில் இருந்த ஓர் இளைஞனோடு ரகசியமாக ஓர் இரவைக் கழிக்கிறாள். அதற்குப் பிறகுதான் பிரெஸ்ஸோனிடம் 'வேண்டாம்' என்று தயங்காமல் சொல்ல அவளுக்குத் தைரியம் வருகிறது.

இந்தப் புத்தகத்தின் தொனிதான் என்னைக் கட்டிப்போடுகிறது. இன்றைக்கு இதே சம்பவத்தை யாராவது எழுதினால் அது குற்றச்சாட்டாகத்தான் இருக்கும், இருப்பதிலும் தவறில்லை. ஆன் எழுதியதில் கணக்குத் தீர்க்கும் வேகம் கிடையாது. ஒரு வயதான மேதை ஓர் இளம்பெண்ணைத் தன் படத்துக்குத் தேவையான அளவுக்கும் அதற்கு மேலும் சொந்தமாக்கிக்கொள்ள முயன்றதை, அந்த முயற்சியில் இருந்த அன்பையும் அத்துமீறலையும் ஒன்றாகவே வைத்து எழுதுகிறார். 18 வயதுப் பெண் அன்று என்ன உணர்ந்தாளோ அதோடு நிறுத்திக்கொள்கிறார், 60 வயது எழுத்தாளரின் தீர்ப்பை அவள் தலையில் ஏற்றவில்லை. வாசிப்பவருக்குத்தான் கோபம் வருகிறது. படத்தை மறுபடி பார்க்கும்போது பெஞ்சின் மேல் நீளும் அந்தக் கை வேறொரு கையாகத் தெரிகிறது. படம் அப்போதும் மகத்தான படம்தான். இரண்டும் உண்மை என்பதோடு வாழப் பழக வேண்டியிருக்கிறது.

பிரெஸ்ஸோன் முடிந்ததும் கோதார்.

படப்பிடிப்பு இடத்தில் கோதாரை ஒருமுறை பார்த்திருந்தும் ஆனுக்கு அப்போது அவர்மேல் எந்த ஈர்ப்பும் தோன்றவில்லை. அடுத்த வருடம் அவருடைய 'மஸ்குலான் ஃபெமினான்' பார்த்தபோது எல்லாம் மாறியது. 1966 ஜூனில் ஒரு சிறு கடிதம் எழுதினார். படம் பிடித்திருக்கிறது, அதை எடுத்தவரையும் பிடித்திருக்கிறது, காதலிக்கிறேன் என்று. கோதாரின் முகவரி தெரியாததால் 'கையே து சினிமா' பத்திரிகை அலுவலகத்துக்கு அனுப்பினார். கோதார் தேடிக்கொண்டு வந்தே விட்டார். அவர் ஆனைவிடப் பதினாறு வயது மூத்தவர், விவாகரத்து ஆனவர், புராட்டஸ்டன்ட் குடும்பத்துக்காரர். பெண்ணோ தேர்வில் தவறி, செப்டம்பர் மறுதேர்வுக்குத் தத்துவம் படித்துக்கொண்டிருந்த கத்தோலிக்க வீட்டுப் பிள்ளை. தத்துவம் சொல்லிக்கொடுத்தவர் ஃபிரான்சிஸ் ழான்ஸோன், அல்ஜீரிய விடுதலைப் போராளிகளுக்குப் பிரான்சுக்குள் ரகசிய உதவி செய்த வலையமைப்பை நடத்தியவர். 1960-இல் அந்த வழக்கு நாட்டையே உலுக்கியது. இவரிடம் பாடம் கேட்க வேண்டும் என்று தானே போய்க் கேட்டவர் ஆன்.

தேர்வில் தேறி, அந்த இலையுதிர்காலத்தில் நான்தேர் பல்கலைக்கழகத்தில் தத்துவ வகுப்பில் சேர்ந்தார். பாரிஸின் விளிம்பில், சேரிக் குடிசைகளுக்குப் பக்கத்தில், கட்டி முடிக்காத காங்கிரீட் வளாகம் அது. அங்கே டேனியல் கோன்-பெந்தித் என்ற மாணவர் சுற்றிக்கொண்டிருந்தார். செம்பட்டை முடிக்காரர்கள் எல்லாம் ஒன்றுசேர வேண்டும் என்று சொல்லித் தன்னிடம் பேச்சுக்கொடுத்ததை ஆன் பின்னாளில் எழுதினார். இவருக்கும் அதே நிற முடி. பதினெட்டு மாதம் கழித்து, 1968 மே மாத மாணவர் கிளர்ச்சியின்போது, அந்த மாணவரின் முகம் உலகப் பத்திரிகைகள் அத்தனையிலும் வந்தது.

நான்தேரிலிருந்து ஆன் வீட்டுக்குக் கொண்டுவந்த செய்திகளும், அங்கே மாவோவைப் படித்துக்கொண்டிருந்த மாணவர்களைப் பற்றிய பேச்சும் கோதாரின் அடுத்த படத்துக்குள் போயின. 'லா ஷினுவாஸ்', அதாவது சீனப் பெண். 1967 மார்ச்சில், அவர்கள் குடியிருந்த மிரோமெனில் தெரு அடுக்ககத்திலேயே எடுத்தார்கள். கோடை விடுமுறையில் இரவல் வீட்டில் கூடும் ஐந்து இளைஞர்கள், சுவரோரம் அடுக்கடுக்காக மாவோவின் சிவப்புப் புத்தகங்கள், கரும்பலகையில் பாடம். வெரோனிக் என்ற மாணவியாக ஆன். ஒரு சோவியத் பிரமுகரைக் கொல்லப் போகும் வெரோனிக், அறை எண்ணின் இலக்கங்களை மாற்றிப் படித்துவிட்டு வேறொருவரைக் கொன்றுவிடுகிறாள். தவறு தெரிந்ததும் மறுபடி மேலே போகிறாள். அன்று பார்த்தவர்களுக்கு இது பொம்மலாட்டப் புரட்சியாகத் தெரிந்தது. அடுத்த வருடம் மே மாதம் வந்தபோது அதே படம் முன்கூட்டிச் சொன்ன குறிபோல ஆயிற்று.

இந்தப் படத்தில் ஒரு ரயில் காட்சி உண்டு. ஜன்னலோரம் எதிரெதிரே இருவர். ஒருபக்கம் வெரோனிக், எதிர்ப்பக்கம் ஃபிரான்சிஸ் ழான்ஸோன், தன் சொந்தப் பெயரிலேயே. பல்கலைக்கழகங்களை மூட வேண்டும், அதற்குக் குண்டு வைக்க வேண்டும் என்கிறாள் பெண். உன் பின்னால் எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று கேட்கிறார் ஆசிரியர். அல்ஜீரியாவில் எங்களுக்குப் பின்னால் ஒரு மக்கள் கூட்டமே இருந்தது, உனக்குப் பின்னால் யார் என்பது அவர் வாதம். ஜன்னலுக்கு வெளியே வயல்களும் கம்பங்களும் ஓடிக்கொண்டேயிருக்கின்றன. நிஜமான ஆசிரியர், நிஜமான மாணவி, நிஜமான ரயில். ஆனால் ழான்ஸோன் தன் மனதில் பட்டதைப் பேசுகிறார். ஆன் பேசுவது காதில் பொருத்திய சிறு கருவி வழியாகக் கோதார் அனுப்பிக்கொண்டிருக்கும் வாக்கியங்களை. காட்சியை மறுபடி பாருங்கள், பதில் சொல்வதற்கு முன்னால் அவள் கண்களில் ஒரு காத்திருப்பு தெரியும். யோசிக்கிறாள் என்று நினைப்போம். கேட்டுக்கொண்டிருக்கிறாள். உண்மையில் ழான்ஸோனோடு வாதம் செய்தவர் கோதார், தன் காதலியின் வாயை இரவல் வாங்கிக்கொண்டு.

1967 ஜூலையில் சுவிட்சர்லாந்தில் கல்யாணம். இந்தப் படத்தைச் சீனர்கள் பார்த்து மகிழ்வார்கள், சீனாவுக்கு அழைப்பு வரும் என்று இருவரும் எதிர்பார்த்திருந்தார்கள். பாரிஸிலிருந்த சீனத் தூதரகத்துக்குப் படம் கொஞ்சமும் பிடிக்கவில்லை. பெண் கேட்டுக் கோதார் மோரியாக்கிடம் போன கதையும், இந்தத் தூதரகக் கதையும், ரயில் காட்சியின் கதையும் 2012-இல் வந்த 'யூன் அனே ஸ்தூதியேஸ்' நாவலில் இருக்கின்றன. கோதார் அப்போது உயிரோடு இருந்தார். காதலித்தவனின் வேடிக்கைகளையும் பரிசுகளையும், ஐந்து நிமிடம் தாமதித்தால் பொங்கும் சந்தேகத்தையும் ஒரே நிதானத்தில் சொல்கிறது அந்த நாவல். ஆன் எழுதியவற்றில் மிகச் சந்தோஷமான புத்தகம் அதுதான் என்பேன். இருபது வயதுப் பெண் ஒருத்திக்கு நகரமே திறந்துகிடந்த ஒரு வருடத்தின் வெளிச்சம் அதில் முழுதாக இருக்கிறது.

1968-இல் அவர் நடித்தவற்றை வரிசையாகப் பார்த்தால் ஒரு விநோதம் புலப்படும். இத்தாலிய இயக்குநர் பசோலினியின் 'தேயோரெமா'வில் பணக்கார வீட்டு மகள் ஓதெத்தா. வீட்டுக்கு வந்த மர்ம விருந்தாளி கிளம்பிப்போனதும் தோட்டத்துக்கு வந்து தூரத்தை அளந்து பார்க்கிறாள், அறைக்குத் திரும்பிக் கட்டிலில் சாய்கிறாள், கையை முஷ்டியாக மூடிக்கொள்கிறாள். அதற்குப் பிறகு பேச்சில்லை, அசைவில்லை. மூடிய அந்த முஷ்டியைத் திறக்க யாராலும் முடியவில்லை. அப்படியே மருத்துவமனைக்குத் தூக்கிப்போகிறார்கள். அந்தக் காலத்து இத்தாலியப் படங்களில் குரலைப் பின்னால்தான் சேர்ப்பார்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

அதே வருடம் லண்டனில் கோதார் எடுத்த 'ஒன் ப்ளஸ் ஒன்'. ரோலிங் ஸ்டோன்ஸ் குழு ஒரு பாட்டை அடித்துத் திருத்தி உருவாக்குவதுதான் அதன் முதுகெலும்பு. நடுவே ஒரு காட்டுக்குள் ஈவ் டெமாக்ரசி என்ற பெண் நடந்துகொண்டேயிருக்கிறாள், ஒரு தொலைக்காட்சிக் குழு கேள்வி கேட்டபடி பின்னாலேயே வருகிறது. கேள்விகள் ஒவ்வொன்றும் பத்தி நீளம். போதைப்பொருள், பண்பாடு, புரட்சி, அறிவுஜீவி. ஈவின் பதில் 'ஆம்' அல்லது 'இல்லை', அவ்வளவுதான். கடைசி ஷாட்டில் கடற்கரை மணலில் ஒரு பெரிய கேமரா கிரேன். அதன் மேல் இரத்தம் படிந்த வெள்ளை உடையில் ஆனின் உடல் கிடக்க, சிவப்புக் கொடியும் கறுப்புக் கொடியும் காற்றில் அடிக்க, கிரேன் வானத்துக்கு எழும்புகிறது. இந்தப் பிம்பம் பல சினிமாப் புத்தகங்களில் அச்சாகியிருக்கிறது. அதன் அரசியலைப் பற்றி ஏராளமாக எழுதப்பட்டிருக்கிறது. எனக்கு அதைப் பார்க்கும்போதெல்லாம் தோன்றுவது வேறு. சினிமாவே தன் கையில் அவரைத் தூக்கிக்கொண்டு நிற்கிறது, அவரால் இறங்க முடியவில்லை.

பிறகு வந்த வருடங்களை வேகமாகச் சொல்லிவிடலாம். பசோலினியோடு 'போர்ச்சிலே', மார்கோ ஃபெரேரியோடு ஒரு படம், கோதார் தன் பெயரைக் கழற்றிவைத்துவிட்டு ஸீகா வெர்த்தோவ் குழு என்ற பெயரில் எடுத்த அரசியல் படங்கள். திருமணம் 1970 வாக்கில் உடைந்தது, சட்டப்படியான விவாகரத்து 1979-இல். அதே 1979-இல் ஃபிலிப் கரேல் எடுத்த 'லான்ஃபான் செக்ரே' மட்டும் நின்று பார்க்க வேண்டிய படம். கரேலின் சொந்தக் காதல் ஒன்றிலிருந்து பிறந்தது, ஏழ்மையிலும் மௌனத்திலும் எடுக்கப்பட்டது, 1982-இல்தான் ழான் விகோ பரிசு கிடைத்தது. அதில் ஆனோடு நடித்தவர் ஹென்றி த மொப்லான், அவரும் பிரெஸ்ஸோனின் பழைய மாடல். அவர்கள் முகங்களில் பிரெஸ்ஸோன் சொல்லிக்கொடுத்த அமைதி அப்படியே இருக்கிறது, ஆனால் களைத்துப்போய், சற்றே வயதாகி. ஆன் நடித்ததிலேயே முழுதாக ஒரு பெண்ணாக நிற்பது இந்தப் படத்தில்தான் என்பது என் எண்ணம்.

'லா ஷினுவாஸி'ல் கிராமத்திலிருந்து வந்த வேலைக்காரப் பெண்ணாக நடித்த ஜூலியெட் பெர்த்தோவையும் இங்கே நினைத்துக்கொள்கிறேன். ஆன் பிறந்த அதே வருடம் பிறந்தவர். அவரும் நடிப்போடு நிற்கவில்லை. 1974-இல் தான் நடித்த ஒரு படத்துக்குக் கதை எழுதுவதில் சேர்ந்துகொண்டார், 1981-இல் 'நேழ்' என்ற படத்தை இணைந்து இயக்கினார். 1990-இல், 42 வயதில் போய்விட்டார். ஒரே அடுக்ககத்தில் ஒரே கேமராவுக்கு முன்னால் சொல்லிக்கொடுத்ததைச் சொன்ன இரண்டு பெண்களும் ஆளுக்கொரு வழியில் சொல்லைத் தங்கள் பக்கம் இழுத்துக்கொண்டார்கள்.

ஆன் பிடித்த வழி புத்தகம். 1988-இல் 'தே ஃபீய் பியன் எல்வே' என்ற சிறுகதைத் தொகுப்பு வந்தது. நல்லபடியாக வளர்க்கப்பட்ட பெண்கள் என்று அர்த்தம். தலைப்பிலேயே அவர் வளர்ந்த வீட்டின் மெழுகுவாசனை வீசுகிறது. 41 வயதில் முதல் புத்தகம். காட்டுக்குள் 'ஆம்', 'இல்லை' என்று நடந்து சரியாக இருபது வருடம். அடுத்தடுத்து நாவல்கள். 1993-இல் வந்த 'கனீன்' ஒரு நாடகக் குழுவுக்குள் நடக்கும் கதை. அதற்கு கோன்கூர் பரிசின் மாணவர் பிரிவு விருது கிடைத்தது. பள்ளி மாணவர்கள் படித்து, விவாதித்து, ஓட்டுப்போட்டுத் தரும் பரிசு அது. 1998-இல் 'யூன் புவாஞே த ழான்', ஒரு கைப்பிடி மனிதர்கள். ரஷ்யப் புரட்சியில் அழிந்துபோன ஒரு பண்ணைக் குடும்பத்தை, தந்தைவழி முன்னோர்களின் உலகத்தை, கட்டியெழுப்பிய நாவல். பிரெஞ்சு அகாதெமியின் நாவல் பெரும்பரிசு அதற்குக் கிடைத்தது. அதே பரிசை 1926-இல் வாங்கியவர் ஃபிரான்சுவா மோரியாக். 72 வருட இடைவெளியில் தாத்தாவும் பேத்தியும். தாத்தாவின் குடும்பப் பெயர் இவர் புத்தகங்களின் அட்டையில் இல்லை. அப்பா வழிப் பெயரில்தான் எழுதினார்.

அவர் நடை எளிமையானது, குட்டை வாக்கியங்கள், அடைமொழி குறைவு. விமரிசகர்கள் சிலருக்கு அது மிகச் சாதாரணமாகப் பட்டிருக்கலாம். எனக்கு அதில் பிரெஸ்ஸோனின் பாடம் தெரிகிறது. உணர்ச்சியைச் சொல்லில் ஏற்றாதே, நடந்ததைச் சொல், வாசகன் தானாக உணர்ந்துகொள்வான். தன்னைப் பேசவிடாத முறையிலிருந்தே பேசும் முறையை எடுத்துக்கொண்டிருக்கிறார். 2009-இல் வந்த 'மோன் ஆன்ஃபான் த பெர்லான்' நாவலில் தன் தாயின் கடிதங்களையும் நாட்குறிப்பையும் வைத்து, தான் பிறப்பதற்கு முந்தைய பெர்லினை எழுதுகிறார். மோரியாக்கின் மகள் என்ற அடையாளத்திலிருந்து தப்பிக்கவே ஆம்புலன்ஸ் ஓட்டப் போன ஒரு பெண் அதில் வருகிறாள். அம்மாவும் மகளும் ஒரே பெயரின் பாரத்தைச் சுமந்திருக்கிறார்கள்.

இந்த நாவல்களைச் சுற்றி ஒரு கேள்வி எப்போதும் உண்டு. பிரெஸ்ஸோன், கோதார், ழான்ஸோன் என்று உண்மைப் பெயர்கள், உண்மைத் தேதிகள், உண்மைத் தெருக்கள். ஆனால் அட்டையில் 'நாவல்' என்று போட்டிருக்கிறது. நினைவுக்குறிப்பு என்றே போட்டிருக்கலாமே? பிரெஞ்சு இலக்கியத்தில் தன்புனைவு ஒரு பெரிய மரபு என்பது பதிலின் ஒரு பகுதி. இன்னொரு பகுதி நாணயம் சம்பந்தப்பட்டது. நாற்பது வருடத்துக்கு முந்தைய ஓர் உரையாடலை யாரால் சொல்லுக்குச் சொல் நினைவில் வைத்திருக்க முடியும்? உரையாடலை எழுத்தாளர்தான் புதிதாக எழுத வேண்டும். எழுதிவிட்டு, 'இதில் புனைவு கலந்திருக்கிறது' என்று அட்டையிலேயே ஒப்புக்கொள்வது ஒரு நேர்மை. அதோடு, மற்றவர்கள் எழுதிக்கொடுத்த வசனத்தைப் பல வருடம் பேசியவர், இப்போது அந்த மற்றவர்களுக்கு வசனம் எழுதுகிறார். கோதார் என்ன பேச வேண்டும் என்பதை ஆன் தீர்மானிக்கிறார்.

சினிமாவை அவர் விட்டுவிடவும் இல்லை. க்ளேர் தெனி 1994-இல் ஆர்தே தொலைக்காட்சிக்காக எடுத்த 'யூ.எஸ். கோ ஹோம்' படத்தின் திரைக்கதையை இருவரும் சேர்ந்து எழுதினார்கள். அறுபதுகளின் நடுவே, அமெரிக்கப் படைத்தளத்துக்குப் பக்கத்தில், ஓர் அண்ணனும் தங்கையும் விருந்து தேடிப் போகும் இரவு. அவருடைய கதைகளையும் நாவல்களையும் பிறர் படமாக்கினார்கள். தானும் ஆவணப்படங்கள் எடுத்தார். ஒன்று, 'ஓ அஸார் பல்தஸாரை'த் தயாரித்த மாக் போதாரைப் பற்றி. ஆண்களே நிறைந்திருந்த தொழிலில் துணிந்து தயாரிப்பாளராக நின்ற பெண் அவர். இன்னொன்று நடிகை தனியெல் தாரியூவைப் பற்றி. சினிமாவில் பெண்கள் என்ன செய்தார்கள் என்று பதிவுசெய்ய வேண்டும் என்ற அக்கறை இந்தத் தேர்வுகளில் தெரிகிறது.

2015-இல் 'அன் ஆன் அப்ரே', ஒரு வருடம் கழித்து. மே 68-இன் கலவரத் தெருக்களும், கோதார் தன் பழைய படங்கள் அனைத்தையும் தூக்கிப்போடத் துணிந்த நாட்களும், ஒரு தாம்பத்தியம் அரசியல் கூட்டங்களுக்கு நடுவே கரைந்துபோவதும் அதில் வருகின்றன. மிஷேல் அஸானாவிசியூஸ் அதைப் படமாக்க உரிமை கேட்டபோது ஆனுக்கு முதலில் இஷ்டமில்லை. புத்தகம் தனக்கு வேடிக்கையாக இருந்தது என்று அவர் சொன்ன பிறகுதான் சம்மதித்தார். தான் எழுதியதில் இருந்த சிரிப்பை ஒருவர் கண்டுகொண்டாரே என்ற நிறைவு. 'லு ரெதுதாப்ல்' என்ற அந்தப் படம் 2017 மே மாதம் கான் விழாவின் போட்டிப் பிரிவில் திரையிடப்பட்டது. ஆனாக நடித்தவர் ஸ்டேசி மார்ட்டின். கோதாராக நடித்தவர் லூயி கரேல், 'லான்ஃபான் செக்ரே' எடுத்த ஃபிலிப் கரேலின் மகன். படம் கோதாரைத்தான் சுற்றிச் சுற்றி வருகிறது, அவர் கண்ணாடி உடைந்துகொண்டேயிருக்கிறது, பார்வையாளர்கள் சிரிக்கிறார்கள். புத்தகத்தில் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்த பெண் திரையில் மறுபடி அழகாக மௌனமாகிவிட்டாள் என்ற குறை எனக்கு உண்டு. அதனால்தான் படம் பார்த்தவர்களிடம் புத்தகத்தைப் படிக்கச் சொல்கிறேன்.

அதே 2017 ஜனவரியில் அவருடைய கடைசிப் புத்தகம் 'அன் சான் ஓம்' வெளியாகியிருந்தது. ஒரு புனித மனிதர் என்று பொருள். கான் விழா முடிந்து ஐந்தே மாதத்தில், அக்டோபர் 5-ஆம் தேதி, ஆன் பாரிஸில் புற்றுநோயால் இறந்தார், வயது 70. அந்தக் கடைசிப் புத்தகத்தில் பிரெஸ்ஸோனோ கோதாரோ நாயகர்கள் இல்லை. கராகாஸில், அப்பா இறப்பதற்கு முன்னால், பதின்வயதுப் பெண்ணாகப் படித்த பள்ளியில் அவருக்கு இலக்கியம் சொல்லிக்கொடுத்த பாதிரியார் தேவோதான் அந்த மனிதர். அவள் எழுதிய கட்டுரைகளைப் படித்துவிட்டு, நீ எழுத வேண்டும் என்று சொன்னவர்.